சாட்சிக் கூட்டில் சுகம் சொன்ன சின்னராசா

"சுகமோ?" என்று கேட்பதைப்போல ஆபத்தான கேள்வி உலகத்தில் வேறொன்றும் இல்லை என்று நான் சொன்னதும், நீதிமன்றக் கன்டீனில் இருந்த இளம் சட்டத்தரணிகள் எல்லோரும் சிரித்துவிட்டார்கள்.

நான் ஓய்வுபெற்ற கிளாக்கர். சட்டத்தரணி ஒருவரின் கந்தோரில் என் உத்தியோகக் காலம் முழுவதையும் கழித்தவன். வீதி விபத்தில் கை கால் போனவர்களுக்கு நட்டஈடு எடுத்துக்கொடுக்கும் வழக்குகள்தான் எங்கள் கந்தோரின் சோறு. வேலை முடிந்துபோனாலும், இடைக்கிடை யாழ்ப்பாண நீதிமன்றப் பக்கம் போய் ஒரு பிளேன்ரீ குடித்து, நாலு பேரின் கதையைக் கேட்டு வராவிட்டால் எனக்குச் சாப்பாடு செமிக்காது. அப்படிப் போன ஒரு நாள், புதிதாகத் தொழிலுக்கு வந்த ஒரு சட்டத்தரணிப் பிள்ளை தன் போனை என் முன்னால் நீட்டினாள். ஒரு வானின் முன்கண்ணாடியில் பூட்டியிருந்த கமரா எடுத்த படம். ஒழுங்கைக்குள்ளிருந்து மோட்டார்சைக்கிள் வெளியே வருகிறது, வான் வருகிறது, இடிக்கிறது. எல்லாம் கண்ணாடிபோலத் தெரிகிறது.

"அண்ணை, இனி விபத்து வழக்கெல்லாம் லேசுதானே? உந்தப் படத்தைப் போட்டுக் காட்டினால் முடிஞ்சுது."

"பிள்ளை, உந்தக் கமராவுக்கு இடிச்சது தெரியும். இடிபட்ட மனிசன் அடுத்த வருஷம் எப்பிடிச் சீப்புப் பிடிச்சுத் தலை இழுக்கிறார் எண்டு அதுக்குத் தெரியுமோ?"

"அதை அவரையே கேக்கலாம்தானே அண்ணை. சாட்சிக் கூட்டில ஏத்தி, இப்ப சுகமோ எண்டு கேட்டால் சொல்லுவார்."

அந்த இடத்தில்தான் நான் மேசையில் கையால் அடித்து அந்த வசனத்தைச் சொன்னேன். சிரித்தவர்கள் காரணம் கேட்டார்கள். சின்னராசாவின் கதையைச் சொல்லத் தொடங்கினேன். தேத்தண்ணி ஆறிப்போயிற்று, இரண்டு பேர் தங்கள் வழக்குக் கூப்பிடுகிறார்கள் என்று ஓடிப் போய், திரும்பி வந்து மிச்சத்தைக் கேட்டார்கள். "அண்ணை, உந்தக் கதையை எழுத்தில தந்தால் நல்லாயிருக்கும்" என்றாள் அந்தப் பிள்ளை. அதுதான் எழுதுகிறேன். கையை ஆட்டி ஆட்டிச் சொல்வதற்கு இங்கே வசதியில்லை. மற்றும்படி ஒன்றையும் விடமாட்டேன்.

நான் பெரிய படிப்புப் படித்தவனல்ல. சாதாரண தரத்தில் கணக்குப் பாடம் என்னைக் கைவிட்டது, நானும் அதைக் கைவிட்டேன். அரியாலையிலிருந்து சைக்கிள் உழக்கிப் போய்த் தேவசகாயம் ஐயாவின் கந்தோரில் சேர்ந்தேன். தட்டச்சு, மனு எழுதும் முறை, எந்தக் கட்டு எந்த அலுமாரியில் என்பதெல்லாம் பார்த்துப் பார்த்துப் பழகியதுதான். பிறகு சண்டைக் காலம் வந்தது. கந்தோரும் சனத்தோடு சேர்ந்து இடம்பெயர்ந்தது. கொடிகாமத்தில் ஒரு தென்னந்தோட்டத்துக் கொட்டிலில் வழக்குக் கட்டுகளை உறியில் தொங்கவிட்டு, எலியிடமிருந்து காப்பாற்றினேன். அந்த வருஷங்களை இதற்கு மேல் இங்கே எழுதப்போவதில்லை.

எனக்கு உண்மையான பள்ளிக்கூடம் கந்தோர் வாசலில் கிடந்த மரவாங்கு. அதில் இருந்துகொண்டு தங்கள் முறைக்காகக் காத்திருப்பவர்கள் என்ன கதை கதைப்பார்கள்! சண்டை முடிந்து, வீதிகளுக்குக் காப்பற் தார் போட்ட பிறகு அந்த வாங்கு ஒரு நாளும் வெறுமையாகக் கிடந்ததில்லை. தொடை எலும்பு முறிந்த ஒரு பெரியவர், ஊன்றுகோலை மடியில் வைத்துக்கொண்டு சொன்னார்: "தம்பி, முந்தி எங்களைக் காப்பாத்தினது றோட்டில கிடந்த குழியள்தான். பஸ்காரனும் ஆமை, நாங்களும் ஆமை. இப்ப பாயை விரிச்ச மாதிரி றோட்டைப் போட்டாங்கள், எல்லாரும் குதிரையாப் போச்சினம்." கொடிகாமம் சந்தையில் தேங்காய் விற்கும் ஓர் அம்மாவிடம், உங்களை இடித்த வாகனம் என்ன வேகத்தில் வந்தது என்று பொலிஸ்காரர் கேட்டாராம். "மோனை, நான் அதின்ரை வேகத்தைப் பாத்திருந்தால் விலத்தியிருப்பன் எல்லோ!" என்றாராம் அம்மா. இதையெல்லாம் எங்கே எழுதி வைப்பது? நெஞ்சில்தான் வைத்திருக்கிறேன்.

இனித் தேவசகாயம் ஐயாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். இப்போது அவர் இல்லை. மெலிந்த, நெடிய மனிதர். மிஷன் பள்ளிக்கூடத்துப் படிப்பு, ஞாயிற்றுக்கிழமை வேதக் கோயிலில் பாட்டுக் குழுவில் கட்டைக் குரல். வேலை நாளில் அந்தக் குரலை மிகவும் சிக்கனமாகத்தான் செலவழிப்பார். கோபம் வந்தால் பேனையை மூடி மேசையில் வைப்பார், அவ்வளவுதான். அந்தச் சின்னச் சத்தத்துக்கு நாங்கள் எல்லோரும் எழும்பி நிற்போம்.

இடிபட்டு வந்தவர்களிடம் அவர் ஒருநாளும் "எங்கை நோகுது?" என்று கேட்டதில்லை. முதலில் தேத்தண்ணி கொடுப்பிப்பார். பிறகு கதிரையை முன்னுக்கு இழுத்துக்கொண்டு ஒரே கேள்வி: "விபத்துக்கு முந்தி, விடிஞ்சால் என்ன செய்வீர்?"

வந்தவர் முழிப்பார். பிறகு மெல்லத் தொடங்குவார். எழும்புவன் ஐயா, கிணத்தடிக்குப் போவன், தண்ணி அள்ளுவன், மாட்டை அவிழ்த்துக் கட்டுவன்... ஒவ்வொன்றுக்கும் ஐயாவின் இரண்டாவது கேள்வி வரும்: "இப்ப அதை ஆர் செய்யினம்?" அந்த இடத்தில் மனிதர்கள் நின்றுவிடுவார்கள். வலக்கை விளங்காமல் போன ஒரு ரீச்சர், எலும்பு முறிந்ததைச் செய்தி வாசிப்பதுபோலச் சொல்லிக்கொண்டு வந்தவர், "இப்ப என்ரை தலையை மகள்தான் இழுத்துக் கட்டுறாள்" என்றபோது உடைந்துபோனார். அந்த வசனத்தை அப்படியே எழுதும்படி ஐயா எனக்குக் கண்ணைக் காட்டினார். நீதிமன்றத்தில் எலும்பைவிட அந்தத் தலைமுடிதான் கூடப் பேசியது.

அடுத்தது, விபத்து நடந்த இடத்தைப் பார்ப்பது. விபத்து நடந்த அதே நேரத்தில்தான் போவார். காலை என்றால் காலை, வெயில் கண்ணைக் குத்தும் பின்னேரம் என்றால் அதே பின்னேரம். நாங்கள் போய்ச் சேர்வதற்கு முன்னரே இடம் துப்புரவாக இருக்கும். எங்கள் சனத்துக்கு இரத்தத்தைத் தெருவில் விட்டு வைக்க மனம் வராது. வாகனத்தை எடுத்த உடனே யாராவது வாளி வாளியாகத் தண்ணீர் ஊற்றிக் கழுவி, மஞ்சளும் கரைத்துத் தெளித்துவிடுவார்கள். முதல் தடவை நான் தலையில் கையை வைத்தேன்: "எல்லாத்தையும் கழுவிப்போட்டினமே ஐயா!"

"கழுவினது ஆரெண்டு கேளும்" என்றார்.

யோசித்துப் பாருங்கள்! பார்த்தவர்கள் ஆளுக்கொரு இடத்தைக் காட்டுவார்கள். கழுவினவர் மட்டும் நேரே போய் அந்த இடத்தில் நிற்பார். அவருக்குத்தானே தெரியும், எந்தத் தார் ஓரத்தில் தும்புத்தடியால் தேய்த்தார் என்று. அதற்குப் பிறகு எந்தச் சந்திக்குப் போனாலும் என் முதல் கேள்வி, "தண்ணி ஊத்தினது ஆர்?" என்பதுதான்.

மூன்றாவது பழக்கம்தான் எல்லோருக்கும் பகிடி. வழக்குக்கு அடுத்த தவணை குறிக்கும்போது, கிறிஸ்தவ வேதக்காரரான தேவசகாயம் ஐயா, கட்சிக்காரர் பக்கம் திரும்பி, "கோயில் எப்ப கொடியேறுது?" என்று கேட்பார். கொடியேறிவிட்டால் எங்கள் தோட்டக்காரர் கோட்டுக்கு வரமாட்டார்கள், வந்தாலும் மனம் வராது. வலிகாமத்திலும் தென்மராட்சியிலும் எந்த ஊர்க் கோயிலில் எப்போது தேர், எப்போது தீர்த்தம் என்று அவர் வாயில் இருக்கும். "ஐயா சிவனேயெண்டு சைவத்துக்கு மாறிவிடலாம்" என்று மற்றச் சட்டத்தரணிகள் சீண்டுவார்கள். "உங்கடை சுவாமியளின்ரை லீவு எனக்குத் தெரியும், அவ்வளவுதான்" என்பார்.

இந்த மூன்று பழக்கமும் ஒரே வழக்கில் வேலை செய்ததைச் சொல்கிறேன்.

சின்னராசா வலிகாமத்தில் செம்மண் பக்கத்து ஊர்க்காரர். குத்தகைக் காணியில் வெங்காயம் செய்பவர். ஒரு நாள் விடியற்காலையில் வெங்காயப் பிடிகளைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு பலாலி வீதியால் திருநெல்வேலிச் சந்தைக்குப் போகும்போது, பின்னால் வந்த வாடகை வான் ஒன்று அடித்துத் தூக்கி எறிந்தது. வலது தோள் நொறுங்கிப்போயிற்று. ஆஸ்பத்திரியில் பொருத்தினார்கள், பொருந்தியது, ஆனால் கை மேலே எழும்பவில்லை. மண்வெட்டியைத் தூக்கிக் கொத்த முடியாத தோட்டக்காரர்! கூலிக்கு ஆள் பிடித்துக் கொத்தினால் விளைச்சல் கூலிக்கே போய்விடும். காணிக்காரர் அடுத்த போகத்துக்கு வேறு ஆளைப் பார்க்கத் தொடங்கியிருந்தார். நட்டஈடு கிடைத்தால் இரண்டு சில்லு உழவு மெசின் ஒன்று வாங்கலாம். அதன் கைபிடி இடுப்பளவில்தான் இருக்கும், அந்தக் கைக்கு அது போதும். கிடைக்காவிட்டால் தோட்டம் போய்விடும். இதை எங்களுக்குச் சொன்னவர் சின்னராசா அல்ல, அவருடைய மனைவி பூமணி அக்கா.

ஏனென்றால் சின்னராசா ஒன்றும் சொல்லமாட்டார். ஐயாவின் கேள்வி முதன்முதலாகத் தோற்றது அவரிடம்தான்.

"விபத்துக்கு முந்தி, விடிஞ்சால் என்ன செய்வீர்?"

"தோட்டத்துக்குப் போவன் ஐயா. இறைப்பன், கொத்துவன்."

"இப்ப?"

"இப்பவும் முந்தின மாதிரித்தான் ஐயா. குறையில்லை."

பக்கத்துக் கதிரையில் பூமணி அக்கா துள்ளி எழும்பினார். "என்ன முந்தின மாதிரி? இறைக்கிறது நான், கொத்திறது கூலியாள்! ஐயா, இந்த மனிசனுக்குச் சேட்டுப் போட்டுவிடுறதும் நான்!"

"நீ சும்மா இரப்பா. ஐயாவுக்கு முன்னால என்ன கதை?"

அக்காவையும் சாட்சியாகப் போடுவோம் என்று ஐயா சொன்னார். சின்னராசா முதன்முறையாகக் குரலை உயர்த்தினார். "அவவைக் கூட்டில ஏத்திறதெண்டால் எனக்கு உந்த வழக்கே வேண்டாம்." ஐயா பேனையை மூடி மேசையில் வைத்தார். ஆனால் அந்தச் சத்தத்துக்குச் சின்னராசா எழும்பவில்லை.

போகும்போது, தவணைக்காக ஐயா வழமையான கேள்வியைக் கேட்டார்: கோயில் எப்போது கொடி? அப்போதுதான் சின்னராசாவின் முகத்தில் வெளிச்சம் வந்தது. "கொடியேறினால் நான் வரமாட்டன் ஐயா. சுவாமியைத் தோளில காவ வேணும். வாகனத்தின்ரை வலது முன் தண்டு எங்கடை வீட்டு ஆள்தான். அப்புவுக்குப் பிறகு நான்." ஐயா "ஓகோ" என்றார். திருவிழா முடிந்த பிறகு ஒரு நாளாகப் பார்த்து வழக்கு சாட்சி விசாரணைக்கு வந்தது.

காலையில் எல்லாம் எங்கள் பக்கம்தான்! சைக்கிள் நடு வீதியில் வந்தது என்றுதான் எதிர்த்தரப்பு சொல்லிக்கொண்டிருந்தது. பலாலி வீதியோரத்தில் இடியப்பம் அவித்து விற்கும் ஒரு அம்மா கூட்டில் ஏறினார். தண்ணீர் ஊற்றியவர் அவர்தான். "கரையில, என்ரை படலைக்கு நேரை. என்ரை இடியப்பத் தண்ணியைத்தான் ஊத்திக் கழுவினனான். ரத்தம் நடு றோட்டில கிடந்தால் நான் ஏன் என்ரை படலையைக் கழுவுறன்?" என்றார். மன்றில் சிரிப்பு. எதிர்த்தரப்புச் சட்டத்தரணி அந்தக் கதையை அத்தோடு விட்டுவிட்டார்.

அவர் கெட்டிக்காரர். இனிப்பான வாய், எல்லோரையும் அண்ணை, அக்கா என்றுதான் கூப்பிடுவார். பிழை வானில் என்று தெரிந்ததும் தோள் பக்கம் திரும்பினார். வைத்தியரின் அறிக்கை எலும்பு பொருந்திய காலத்தில் எழுதியது. போகப்போகச் சரிவரலாம் என்று அதில் இருந்தது. சரிவந்ததா இல்லையா என்பதைச் சின்னராசாவின் வாய்தான் சொல்ல வேண்டும்.

சின்னராசா வெள்ளை வேட்டி, மடிப்புக் கலையாத சேட்டு, நெற்றி நிறையத் திருநீறு. கோட்டுக்கு வருவதென்றால் கலியாண வீட்டுக்கு வருவதுபோல வரவேண்டும் என்பது அவர் எண்ணம்.

"அண்ணை, முதல்ல சொல்லுங்கோ. எப்பிடிச் சுகம்?"

"நல்ல சுகம் ஐயா. நீங்கள் சுகமோ?"

மன்று சிரித்தது. நீதிபதி அம்மாவும் உதட்டைக் கடித்துக்கொண்டார்.

"நானும் சுகம் அண்ணை. தோள் எப்பிடி?"

"முருகன் புண்ணியத்தில குறையில்லை ஐயா."

"தோட்டம்?"

"வெங்காயம் நிக்குது. இந்த முறை நல்ல விளைச்சல்."

"அப்ப ஒரு கஷ்டமும் இல்லை?"

"நாலு பேருக்கு முன்னால சொல்லிற அளவுக்கு ஒண்டும் இல்லை ஐயா."

எதிர்த்தரப்பு பாயசம் குடித்தவர்போல உட்கார்ந்தார். நான் என்ன செய்ய? சின்னராசா பொய் சொல்லவில்லை, மரியாதை சொன்னார். ஒருவர் மதித்துச் சுகம் கேட்டால் சுகம் என்பதுதான் அவர் ஊரில் பதில். அன்னியர் முன்னால் குறை சொல்வது கையேந்துவதற்குச் சமம். அந்த மனிதரைப் பாடையில் வைத்துக்கொண்டு கேட்டாலும் "குறையில்லை" என்றுதான் சொல்லியிருப்பார். ஆனால் சுருக்கெழுத்தாளரின் பதிவில் மரியாதை என்று ஒன்று ஏறாதே! "சுகம்" என்றுதானே ஏறும்!

அந்த நேரம் பார்த்து மன்று மதியத்துக்குக் கலைந்தது. ஐயா என் பக்கத்தில் வந்து மெல்லிய குரலில் சொன்னார்: "சாட்சியம் இன்னும் முடியேல்லை. வழக்கைப் பற்றி அவரோடை ஒருத்தரும் ஒரு சொல்லும் கதைக்கக்கூடாது. பூமணியும்தான். நீர் பக்கத்தில இரும்."

நான் பட்ட பாட்டை எப்படிச் சொல்வேன்! வேப்பமரத்துக்குக் கீழே சின்னராசாவையும் என்னையும் ஒரு வாங்கில் இருத்திப் பாருங்கள். அந்தப் பக்கத்து மரத்துக்குக் கீழே பூமணி அக்கா, சோற்றுப் பார்சலை அவிழ்க்காமல், கண்ணாலேயே மனிசனை எரித்துக்கொண்டு நின்றார். நடுவில் நான் வேலிபோல.

"கிளாக்கர், அந்த மற்றப் பக்கத்து அப்புக்காத்து நல்ல மனிசன். வந்த உடன சுகம் கேட்டவர்" என்றார் சின்னராசா, சந்தோஷமாக.

நான் நாக்கைக் கடித்துக்கொண்டேன். "வெங்காயம் எப்பிடி, இந்த முறை நுனி கருகேல்லையோ?" என்றேன்.

"இல்லை, வடிவா நிக்குது. ஏன் உங்களுக்கு முகம் வேர்க்குது? சுகமில்லையோ?"

"நல்ல சுகம்" என்றேன் பல்லைக் கடித்துக்கொண்டு. சின்னராசா இடது கையால் தன் சோற்றுப் பார்சலை அவிழ்க்க முயன்று முடியாமல் அதை மடியில் வைத்துக்கொண்டிருந்தார். நான் அவிழ்த்துக் கொடுத்தேன். அவர் அதைக் கவனிக்காததுபோல மரத்தைப் பார்த்தார்.

பின்னேரம் மன்று கூடியது. எதிர்த்தரப்புக்கு வேறு கேள்வி இல்லை. மறுவிசாரணைக்கு ஐயா எழும்பினார். தன் வழக்குக் கட்டைத் திறக்கவுமில்லை. இன்னும் என் கண்ணுக்குள் நிற்கிறது: கறுப்புக் கோட்டின் பொத்தானை ஒருமுறை தொட்டுப் பார்த்தார், தண்ணீர் கிளாஸைக் கொஞ்சம் தள்ளி வைத்தார்.

"சின்னராசா, உங்கடை கோயில் திருவிழா முடிஞ்சுதோ?"

"முடிஞ்சுது ஐயா. தீர்த்தமும் முடிஞ்சுது."

எதிர்த்தரப்பு எழும்பினார். "இந்த வழக்குக்கும் திருவிழாவுக்கும் என்ன சம்பந்தம், அம்மணி?"

"என் நண்பர் சுகம் விசாரித்தார். நானும் அதைத்தான் விசாரிக்கிறேன்" என்றார் ஐயா. நீதிபதி அம்மா தலையசைத்தார்.

"வாகனத்தில சுவாமி வெளிவீதி வந்ததோ?"

"வந்தது ஐயா. நல்ல சனம்."

"வலது முன் தண்டு ஆர் காவினது?"

சின்னராசா கூட்டின் மரச்சட்டத்தைத் தடவினார். சுருக்கெழுத்தாளர் பேனையைப் பிடித்தபடி நிமிர்ந்து பார்த்தார்.

"அது உங்கடை வீட்டு இடமெண்டு எனக்குச் சொன்னனீங்கள்."

"ஓம் ஐயா."

"இந்த முறை நீங்கள் தோள் குடுத்தனீங்களோ?"

மனிதருக்கு மரியாதைக்காகச் சுகம் சொல்லலாம். சுவாமி காவியதாக எப்படிச் சொல்வது?

"இல்லை ஐயா."

"ஏன்?"

"என்ரை தோளில வைச்சால்... சுவாமி ஒரு பக்கம் சரிஞ்சுபோம் ஐயா."

ஐயா அடுத்த கேள்வி கேட்கவில்லை. ஆனால் அணை உடைந்துவிட்டது. சின்னராசா தானாகவே சொல்லிக்கொண்டு போனார், யாரையும் பார்க்காமல். "பின்னுக்கு, பொம்பிளையளோடை நிண்டனான். சுவாமி திரும்பேக்கை எல்லாரும் தலைக்கு மேல கையெடுத்துக் கும்பிட்டவை. எனக்கு... இவ்வளவுதான் ஐயா."

சொல்லும்போதே அவருடைய கைகள் எழும்பின. இடது கை தலைக்கு மேலே போய்விட்டது. வலது கை நெஞ்சளவில் வந்து நின்று, அங்கேயே நடுங்கியது. ஒன்றை ஒன்று தேடுகிற இரண்டு கைகள்! மேலே போன கை மெல்ல இறங்கி வந்து, நெஞ்சடியில் நின்ற கையோடு சேர்ந்தது. அப்படியே கும்பிட்டபடி நின்றார்.

நீதிபதி அம்மா தன் கையால் எழுதினார். எழுதிவிட்டு உரக்க வாசித்தார்: சாட்சி தன் வலது கையை நெஞ்சுக்கு மேல் உயர்த்த முடியாமல் இருப்பதை மன்று நேரில் அவதானித்தது. எனக்குத் துள்ள வேண்டும்போல இருந்தது! மேசைக் காலைப் பிடித்துக்கொண்டு இருந்தேன். பின்பக்க வாங்கில் பூமணி அக்கா சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டிருந்தார்.

அன்று பின்னேரமே எதிர்த்தரப்புச் சட்டத்தரணி படியிறங்கி ஐயாவைத் தேடி வந்தார். "அண்ணை, நாங்கள் கதைச்சு முடிப்பம். என்ரை அப்பாவும் சுவாமி காவினவர்தான்" என்றார். அவரும் நல்ல மனிதர்தான்; அதில் சின்னராசா பிழைவிடவில்லை. வான்காரரின் காப்புறுதிக் கம்பனி இணங்கி வந்தது. உழவு மெசினுக்கும் காணிக் குத்தகைக்கும் போதுமான இணக்கம்.

எல்லாம் முடிந்தது என்று நினைத்தால் சின்னராசா இணக்கப் பத்திரத்தில் கையெழுத்து வைக்க மாட்டேன் என்கிறார்! கந்தோரில் ஐயாவுக்கு முன்னால் தலையைக் குனிந்துகொண்டு இருந்தார்.

"நான் சுவாமியை வித்துக் காசு வாங்கிறன் எல்லோ ஐயா?"

பூமணி அக்கா தலையில் அடித்துக்கொண்டார். ஐயா பேனையைத் திறந்து அவர் முன்னால் வைத்தார்.

"சுவாமியைப் பற்றி நீர் ஒண்டும் கேக்கேல்லை. கேட்டது நான். பாவமெண்டால் அது என்ரை தலையில. நான் வேதக்காரன், உங்கடை சுவாமி என்னோடை கோவிக்கமாட்டார்."

சின்னராசா நிமிர்ந்து பார்த்தார். ஐயாவின் முகத்தில் சிரிப்பே இல்லை. பிறகு சின்னராசாவின் தோள் குலுங்கத் தொடங்கியது. அழுகிறாரோ என்று பார்த்தால், சிரிக்கிறார்! பூமணி அக்காவும் சிரித்தார். சின்னராசா வலது கையை இடது கையால் தாங்கிக்கொண்டு கோணல் மாணலாகக் கையெழுத்து வைத்தார்.

அடுத்த வருஷம் தோட்டத்தில் மெசின் ஓடியது. திருவிழா முடிந்து ஒருநாள் வெங்காயத்தோடு கந்தோருக்கு வந்தவர், வாசலில் நின்றே கூவினார்: "கிளாக்கர், இந்த முறை காவினனான்! வலது தோள்தானே போனது? இடது தோள் சும்மாதானே கிடக்கு. இடது முன் தண்டுக்காரரைக் கேட்டன், மாறி நிண்டார். ஏன் இவ்வளவு நாளும் ஒருத்தருக்கும் உது தெரியேல்லை?" ஐயா அன்றைக்குக் கட்டைக் குரலில் சத்தம் போட்டுச் சிரித்ததை நான் முதல் தடவையாகக் கேட்டேன்.

இந்த இடத்தோடு கதையை முடித்திருப்பேன். ஆனால் இதை எழுதத் தொடங்கிய பிறகு ஒன்று நடந்துவிட்டது. அரியாலைச் சந்தியில் சைக்கிளோடு நின்ற என்னை ஒரு ஓட்டோ தட்டிவிட்டது. முழங்கால். வீட்டிலேயே இருப்பு. கேள்விப்பட்டுச் சின்னராசா வெங்காயப் பிடியோடு பார்க்க வந்தார். நரைத்துவிட்டது, ஆனால் மனிதர் அதே மனிதர். கதைத்துக்கொண்டிருக்கும்போது போன் அடித்தது. ஓட்டோவின் காப்புறுதிக் கம்பனிப் பெடியன். சத்தம் வெளியே கேட்கும்படி போனை மேசையில் வைத்தேன்.

"ஐயா, விபத்துச் சம்பந்தமா எடுக்கிறன். கதைக்கிறது பதிவாகும். இப்ப எப்பிடிச் சுகம் ஐயா?"

என்ன மரியாதையான குரல்! என் வாய் இருக்கிறதே, அது என்னைக் கேட்கவேயில்லை.

"ஓம் தம்பி, நல்ல சுகம். நீங்கள் சுகமோ?"

சின்னராசா கதிரையிலிருந்து எழும்பிய வேகத்தில் வெங்காயம் நிலமெல்லாம் சிதறியது. இடது கையால் போனைப் பறித்தார்.

"தம்பி, தம்பி! அவர் சொன்னதை எழுதிப்போடாதேங்கோ. அவரை உப்பிடிக் கேட்டால் பொய்தான் சொல்லுவார். முந்தி விடிஞ்சால் என்ன செய்தவர், இப்ப அதை ஆர் செய்யினம் எண்டு கேளுங்கோ!"

போனை என் முன்னால் வைத்துவிட்டு, வழக்கு வென்றவர்போல உட்கார்ந்தார். அந்தப் பக்கம் தாள் புரளும் சத்தம் கேட்டது. பிறகு பெடியன் தொண்டையைச் செருமினான்.

"சரி ஐயா. முந்தி விடிஞ்சால் என்ன செய்வீங்கள்?"

"சைக்கிளை எடுத்துக்கொண்டு சந்திக் கடைக்குப் போவன் தம்பி. சில நாள் கோட்டுப் பக்கமும். சனம் கதைக்கிறதைக் கேட்டுக்கொண்டிருப்பன்."

"இப்ப அதை ஆர் ஐயா..." என்று தொடங்கியவன் நிறுத்திவிட்டான்.

எத்தனை பேரிடம் இந்தக் கேள்வி கேட்கப்பட்டதைப் பக்கத்தில் இருந்து எழுதியிருப்பேன்! அவர்கள் எல்லோரும் ஏன் அந்த இடத்தில் வந்து நின்றார்கள் என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

"ஒருத்தரும் இல்லைத் தம்பி. அங்கை சனம் கதைச்சுக்கொண்டுதான் இருக்கும். கேக்க ஆளில்லை."

சின்னராசா குனிந்து, சிதறிய வெங்காயத்தை ஒவ்வொன்றாக இடது கையால் பொறுக்கிக்கொண்டிருந்தார். தலையை நிமிர்த்தாமலே போனுக்குச் சொன்னார்:

"அதை எழுதுங்கோ தம்பி. அதை வடிவா எழுதுங்கோ."